'முதல்ல வளர்ச்சி, அப்புறம் ஜனநாயகம்': இந்த வாதம் எங்கிருந்து வந்தது? தென்கொரியாவில் நடந்தது என்ன?

டீக்கடை பெஞ்சிலோ குடும்ப வாட்ஸ்அப் குரூப்பிலோ அரசியல் பேச்சு சூடானால் ஒரு வசனம் தவறாமல் வந்து விழும். "ஒரு பத்து வருஷம் மிலிட்டரி ஆட்சி வந்தாத்தான் நாடு உருப்படும்." உடனே ஒருவர் சிங்கப்பூரை இழுப்பார். இன்னொருவர் சீனாவின் புல்லட் ரயில் வீடியோவை ஃபார்வர்டு செய்வார்.

பொழுதுபோக்குப் பேச்சு மாதிரி தெரிந்தாலும், இதன் பின்னால் சுமார் 70 ஆண்டு கால விவாதம் ஒன்று இருக்கிறது. ஒரு நாட்டில் முதலில் தொழிற்சாலையும் பள்ளிக்கூடமும் வருமானமும் வந்துவிட்டால், ஜனநாயகம் அதன் பின்னாலேயே தானாக வந்துவிடுமா? அரசியல் அறிவியலில் 'அரசியல் வளர்ச்சிக் கோட்பாடுகள்' என்று சொல்லப்படும் துறை, பெரும்பாலும் இந்த ஒரு கேள்வியைச் சுற்றித்தான் வளர்ந்தது. பல நாடுகளில் ராணுவ ஆட்சியாளர்கள் தங்கள் ஆட்சியை நியாயப்படுத்தியதும் இதே வாதத்தை வைத்துத்தான்.

இந்த யோசனை எப்போது வந்தது?

இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு ஆசியாவிலும் ஆப்பிரிக்காவிலும் வரிசையாகப் பல நாடுகள் விடுதலை அடைந்தன. அமெரிக்காவுக்கும் சோவியத் யூனியனுக்கும் பனிப்போர் நடந்துகொண்டிருந்த நேரம். ஏழை நாடுகள் கம்யூனிசம் பக்கம் போய்விடக் கூடாது என்ற கவலை அமெரிக்காவுக்கு. அந்தக் கவலையிலிருந்துதான் 'நவீனமயமாதல் கோட்பாடு' பிறந்தது.

இதைப் புரிந்துகொள்ள துருக்கியில் ஒரு மளிகைக்கடைக்காரர் கதை உதவும். அங்காரா நகரத்துக்குப் பக்கத்தில் பால்கட் என்றொரு கிராமம். 1950-ல் அங்கே ஆய்வுக்காகச் சிலரிடம் கேள்வி கேட்டார்கள். துருக்கியில் வாழ முடியாமல் போனால் எந்த நாட்டுக்குப் போவீர்கள் என்ற கேள்வியே ஆடு மேய்ப்பவருக்கு அதிர்ச்சி. ஆனால் ஊரிலேயே டை கட்டிய ஒரே ஆளான மளிகைக்கடைக்காரர், அமெரிக்காவுக்குப் போவேன் என்றார். ஊர்க்காரர்கள் அவரைக் கொஞ்சம் இளக்காரமாகவே பார்த்தார்கள். 1954-ல் ஆய்வாளர் டேனியல் லெர்னர் அந்த ஊருக்குப் போனபோது பஸ் வந்திருந்தது, மின்சாரம் வந்திருந்தது, ஊர்த் தலைவரின் மகன்களே கடை வைத்திருந்தார்கள். மளிகைக்கடைக்காரர் மட்டும் உயிரோடு இல்லை.

லெர்னர் 1958-ல் வெளியிட்ட புத்தகம் இந்தக் கதையோடுதான் தொடங்குகிறது. நகரம், படிப்பு, ரேடியோ எல்லாம் வந்தால், தன்னை வேறொரு இடத்தில், வேறொருவராகக் கற்பனை செய்து பார்க்கும் மனிதர் உருவாவார், அவர் அரசியலிலும் பங்கு கேட்பார் என்பது அவர் வாதம்.

1960-ல் பொருளாதார அறிஞர் வால்ட் ராஸ்டோ, எல்லா நாடுகளும் ஐந்து கட்டங்களைத் தாண்டி வளரும் என்று எழுதினார். நடுவில் விமானம் மேலே கிளம்புவது மாதிரி ஒரு கட்டம், கடைசியில் மக்கள் தாராளமாகப் பொருள் வாங்கும் கட்டம். பாரம்பரியம் ஒரு முனை, அமெரிக்கா மறுமுனை. இதே ராஸ்டோ பின்னர் அமெரிக்க அதிபர் ஜான்சனின் தேசியப் பாதுகாப்பு ஆலோசகராகி, வியட்நாம் போரைத் தீவிரமாக ஆதரித்தார்.

இவர்களில் அதிகம் மேற்கோள் காட்டப்படுபவர் சமூகவியலாளர் சீமோர் மார்ட்டின் லிப்செட். வருமானம், தொழில்மயம், நகரமயம், கல்வி நான்கும் கூடிய நாடுகளில் ஜனநாயகம் அதிகம் காணப்படுகிறது என்று 1959-ல் எழுதினார். இங்கே ஒரு நுணுக்கம் உண்டு. வசதியான நாட்டில் ஜனநாயகம் 'நிலைத்து நிற்க' வாய்ப்பு அதிகம் என்பதுதான் அவர் சொன்னதன் சாரம். பணம் வந்தால் ஜனநாயகம் 'பிறக்கும்' என்று மற்றவர்கள் அதை வாசித்துக்கொண்டார்கள். இந்த இரண்டுக்கும் உள்ள வித்தியாசம் சின்னதாகத் தெரியலாம். ஆனால் மொத்தப் பிரச்சினையும் அதில்தான் இருக்கிறது.

'ஒழுங்குதான் முக்கியம்' என்றவர்

1960களில் புதிய நாடுகளில் ஜனநாயகம் வளர்வதற்குப் பதிலாக, ஒன்றன்பின் ஒன்றாக ராணுவப் புரட்சிகள் நடந்தன. 1968-ல் சாமுவேல் ஹண்டிங்டன் குறுக்கே வந்தார். படிப்பும் நகரமும் மக்களின் எதிர்பார்ப்பை வேகமாக ஏற்றிவிடும், அதைத் தாங்கும் கட்சிகளும் நிறுவனங்களும் அதே வேகத்தில் வளராது, அந்த இடைவெளியில் குழப்பம்தான் வெடிக்கும் என்றார். எந்த மாதிரி ஆட்சி என்பதைவிட, ஆட்சி என்று ஒன்று உருப்படியாக இருக்கிறதா என்பதே முதல் கேள்வி என்பது அவர் பார்வை.

கூர்மையான கவனிப்புதான். ஆனால் 'முதல்ல ஒழுங்கு, மத்ததெல்லாம் பிறகு' என்று சொல்லக் காத்திருந்தவர்களுக்கு இது வசதியான ஆயுதமாகவும் அமைந்தது.

தென்கொரியா: எல்லோரும் காட்டும் உதாரணம்

வளர்ச்சி முதலில், ஜனநாயகம் பிறகு என்பவர்கள் கையில் வைத்திருக்கும் துருப்புச் சீட்டு தென்கொரியா. 1960களின் தொடக்கத்தில் அந்த நாடு ஆப்பிரிக்காவின் கானாவோடு ஒப்பிடும் அளவுக்கு ஏழ்மையில் இருந்தது. ராணுவத் தளபதி பார்க் சுங்-ஹீ ஆட்சியைப் பிடித்தார், ஐந்தாண்டுத் திட்டம் போட்டார், ஏற்றுமதியை முடுக்கிவிட்டார். நாடு வளர்ந்தது. 1987-ல் ஜனநாயகம் வந்தது. கதை கச்சிதமாக இருக்கிறது, இல்லையா? கொஞ்சம் கிட்டப் போய்ப் பார்த்தால் வேறு மாதிரி தெரியும்.

முதல் விஷயம், கொரிய மக்கள் ஜனநாயகம் கேட்டது பணக்காரர் ஆன பிறகு இல்லை. 1960 மார்ச்சில் நடந்த தேர்தல் மோசடிக்கு எதிராக, ஏப்ரலில் பள்ளி, கல்லூரி மாணவர்கள் தெருவில் இறங்கினார்கள். துப்பாக்கிச் சூட்டில் பலர் இறந்தார்கள். 12 ஆண்டுகள் ஆண்ட அதிபர் சிங்மன் ரீ பதவி விலகி ஹவாய்க்குப் போனார். நாடு அப்போது பரம ஏழை. தேர்தல் நடந்து புதிய அரசும் வந்தது. அந்த ஆட்சியைத்தான் 1961 மே 16 அன்று பார்க் சுங்-ஹீ கவிழ்த்தார். அதாவது வளர்ச்சிக்கு முன்னாலேயே ஜனநாயகம் வந்தது, அதைப் பறித்த பிறகுதான் 'முதலில் வளர்ச்சி' என்ற பேச்சு தொடங்கியது.

இரண்டாவது, வளர்ச்சிக்கான விலையை யார் கொடுத்தார்கள் என்பது. சியோலின் பியோங்ஹ்வா சந்தையில், நிமிர்ந்து நிற்க முடியாத தாழ்வான மாடிகளில், பதின்ம வயதுப் பெண்கள் ஒரு நாளைக்கு 14 மணி நேரம் துணி தைத்தார்கள். அங்கே வேலை பார்த்த ஜியோன் டே-இல் என்ற இளைஞர், தொழிலாளர் சட்டம் என்று ஒன்று ஏற்கெனவே இருப்பதைக் கண்டுபிடித்தார். புத்தகத்தை வாங்கிப் படித்தார், கணக்கெடுப்பு நடத்தினார், அதிகாரிகளுக்கு மனு மேல் மனு கொடுத்தார். யாரும் கண்டுகொள்ளவில்லை. 1970 நவம்பர் 13 அன்று, அந்தச் சட்டத்தை நடைமுறைப்படுத்தச் சொல்லி, சந்தைத் தெருவில் தன் உடலில் தீ வைத்துக்கொண்டார். வயது 22. அவருடைய அம்மா லீ சோ-சன் அதன் பிறகு தன் வாழ்நாள் முழுவதையும் தொழிற்சங்க இயக்கத்துக்குக் கொடுத்தார்.

1972-ல் பார்க் அரசியலமைப்பையே மாற்றி, காலவரையறை இல்லாமல் பதவியில் இருக்க வழி செய்துகொண்டார். வருமானம் ஏற ஏற ஆட்சி இளகும் என்பதுதானே கோட்பாடு? இங்கே நேர்மாறாக இறுகியது.

அதை அசைத்தவர்கள் விக் செய்யும் கம்பெனிப் பெண்கள். 1979 ஆகஸ்டில், ஆலையை மூடியதை எதிர்த்து சுமார் 200 பெண் தொழிலாளர்கள் எதிர்க்கட்சி அலுவலகத்தில் உட்கார்ந்து போராடினார்கள். போலீஸ் புகுந்து அடித்ததில் ஓர் இளம்பெண் உயிரிழந்தார். ஆதரவு கொடுத்த எதிர்க்கட்சித் தலைவர் கிம் யங்-சாம் நாடாளுமன்றத்திலிருந்து நீக்கப்பட்டார். அவருடைய செல்வாக்குப் பகுதியான பூசானும் பக்கத்து மசானும் கொதித்தன. இந்தப் போராட்டத்தை எப்படிக் கையாள்வது என்ற தகராறு ஆட்சிக்குள்ளேயே முற்றி, அக்டோபர் 26 அன்று பார்க்கை அவருடைய உளவுத்துறைத் தலைவரே சுட்டுக்கொன்றார்.

குவாங்ஜுவும் 1987 ஜூனும்

பார்க் போனதும் ஜனநாயகம் வரவில்லை. இன்னொரு தளபதி, சுன் டூ-ஹ்வான் வந்தார். 1980 மே 18 முதல் குவாங்ஜு நகரத்தில் ராணுவச் சட்டத்தை எதிர்த்தவர்களை ராணுவம் நசுக்கியது. அரசுக் கணக்குப்படியே 160-க்கும் மேற்பட்ட பொதுமக்கள் இறந்தார்கள். உண்மையான எண்ணிக்கை இன்னும் அதிகம் என்று குடும்பங்கள் சொல்கின்றன. 2024-ல் இலக்கிய நோபல் பெற்ற ஹான் காங் பிறந்த ஊர் இதுதான். அவருடைய நாவல் ஒன்று முழுக்க இந்தப் படுகொலையைப் பற்றியது.

1987 ஜனவரியில் சியோல் தேசியப் பல்கலைக்கழக மாணவர் பார்க் ஜோங்-சோல் போலீஸ் காவலில் இறந்தார். விசாரணையில் மேஜையைத் தட்டினோம், அவர் கத்திவிட்டு விழுந்துவிட்டார் என்று போலீஸ் விளக்கம் சொன்னது. தண்ணீரில் முக்கிச் சித்திரவதை செய்தது வெளியே வந்தது. அதை மூடி மறைக்க நடந்த முயற்சியைக் கத்தோலிக்கப் பாதிரியார்கள் அம்பலப்படுத்தினார்கள். ஜூனில் நாடே தெருவுக்கு வந்தது.

இந்த முறை கோட் சூட், டை போட்ட ஆபீஸ் ஊழியர்களும் சேர்ந்துகொண்டார்கள். நவீனமயமாதல் கோட்பாட்டுக்காரர்கள் பெருமையாகக் காட்டும் 'நடுத்தர வர்க்கம்' இதுதான். அவர்கள் சொன்னதில் உண்மை இல்லாமல் இல்லை. 1987-ல் தனிநபர் வருமானம் சுமார் 3,500 டாலர், படித்தவர்கள் அதிகம், அடுத்த ஆண்டு சியோலில் ஒலிம்பிக் வேறு காத்திருந்தது. தெருவில் மறுபடியும் ரத்தம் சிந்தினால் உலகம் பார்க்கும் என்ற பயம் ஆட்சிக்கு இருந்தது. ஜூன் 29 அன்று, அதிபரை மக்களே நேரடியாகத் தேர்ந்தெடுக்கலாம் என்று ஆளுங்கட்சி வேட்பாளர் ரோ டே-வூ அறிவித்தார்.

ஆனால் வளர்ச்சி செய்தது களத்தைப் பெரிதாக்கியதுதான். 27 ஆண்டுகளாக மாணவர்களும், தையல் தொழிலாளிகளும், விக் கம்பெனிப் பெண்களும் போராடி வைத்திருந்த கோரிக்கையில் டை போட்டவர்கள் கடைசியாக வந்து சேர்ந்தார்கள். அறிவிப்பு வந்ததும் பலர் வேலைக்குத் திரும்பினார்கள். தொழிலாளர்கள் திரும்பவில்லை. அந்தக் கோடையில் மட்டும் 3,000-க்கும் மேற்பட்ட வேலைநிறுத்தங்கள் நடந்தன.

இன்னொரு வேடிக்கை: அந்த ஆண்டு டிசம்பர் தேர்தலில் எதிர்க்கட்சித் தலைவர்கள் இரண்டு பேர் தனித்தனியாக நின்றதால், சுமார் 37 சதவீத ஓட்டிலேயே ரோ டே-வூ ஜெயித்துவிட்டார். கூட்டணிக் கணக்கு எந்த ஊரிலும் கூட்டணிக் கணக்குதான். 1996-ல் முன்னாள் அதிபர்கள் சுன், ரோ இரண்டு பேரும் நீதிமன்றத்தில் தண்டிக்கப்பட்டார்கள். அடுத்த ஆண்டு மன்னிப்பும் பெற்றார்கள்.

பணம் வந்தும் ஜனநாயகம் வராத நாடுகள்

லத்தீன் அமெரிக்காவில் இந்தக் கோட்பாடு முதலிலேயே அடி வாங்கியது. பிரேசிலில் 1964-லும், அர்ஜென்டினாவில் 1966-லும், உருகுவே, சிலியில் 1973-லும் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. அந்தக் கண்டத்தின் வளர்ந்த நாடுகளே இவைதான். தொழில்வளர்ச்சி ஒரு கட்டத்துக்கு மேல் போக, சம்பளத்தை அடக்கவும் சங்கங்களை ஒடுக்கவும் சர்வாதிகாரமே தேவைப்படலாம் என்று அர்ஜென்டினா அறிஞர் கியர்மோ ஓடோனல் விளக்கினார்.

காப்பியை விற்று டிராக்டரை வாங்கும் நாடு எவ்வளவு உழைத்தாலும் பின்தங்கியே இருக்கும், உலக வணிகத்தின் அமைப்பே அப்படி என்று வாதிட்ட 'சார்புநிலைக் கோட்பாடு' பிறந்ததும் இந்தக் கண்டத்தில்தான். அதை எழுதியவர்களில் ஒருவரான பெர்னாண்டோ என்ரிக் கார்டோசோ, 1995-ல் பிரேசில் அதிபராகி, சந்தையைத் திறந்துவிட்டது தனிக்கதை. உலகச் சந்தைக்குள் இருந்துகொண்டே தென்கொரியா முன்னேறியது, சார்புநிலைக் கோட்பாட்டுக்கும் பதில் சொல்ல முடியாத கேள்வியானது.

சிங்கப்பூர் உலகின் பணக்கார நாடுகளில் ஒன்று. 1959 முதல் நடந்த ஒவ்வொரு பொதுத்தேர்தலிலும் ஒரே கட்சிதான் வென்றிருக்கிறது. வளைகுடா நாடுகளைப் பற்றி அங்கே வேலை பார்த்துவிட்டு வந்தவர்களுக்கே நன்றாகத் தெரியும்.

சீனா பெரிய பரிசோதனை. உலக வர்த்தக அமைப்பில் சேர்த்துவிட்டால், இணையமும் வியாபாரமும் சீனாவை மாற்றிவிடும் என்று அமெரிக்கா நம்பியது. இணையத்தைக் கட்டுப்படுத்தப் பார்ப்பது ஜெல்லியைச் சுவரில் ஆணி அடித்து மாட்டுவது போல என்று 2000-ல் அதிபர் கிளிண்டன் கேலி செய்தார். 2001-ல் சீனா சேர்ந்தது, பல கோடிப் பேர் வறுமையிலிருந்து மீண்டார்கள். இணையமும் கட்டுக்குள் வந்தது. 2018-ல் அதிபர் பதவிக்கு இருந்த இரண்டு முறை வரம்பும் நீக்கப்பட்டது.

எண்கள் சொல்வது என்ன?

1997-ல் ஆடம் ஷெவோர்ஸ்கி, ஃபெர்னாண்டோ லிமோங்கி என்ற இரண்டு அறிஞர்கள், 135 நாடுகளின் 1950 முதல் 1990 வரையிலான வரலாற்றைக் கணக்குப் போட்டார்கள். வருமானம் கூடியதால் சர்வாதிகாரம் ஜனநாயகமாக மாறுவதற்கு உறுதியான ஆதாரம் அவர்களுக்குக் கிடைக்கவில்லை. சர்வாதிகாரம் விழுவதற்குப் போர், தலைவர் மரணம், மக்கள் போராட்டம், பொருளாதார நெருக்கடி என்று ஆயிரம் காரணங்கள் இருந்தன.

ஆனால் ஜனநாயகம் ஒருமுறை வந்துவிட்டால், அது பிழைப்பதில் பணத்துக்குப் பெரிய பங்கு இருந்தது. மிக ஏழை நாடுகளில் ஜனநாயகத்தின் சராசரி ஆயுள் சுமார் 8 ஆண்டுகள்தான். தனிநபர் வருமானம் 6,055 டாலருக்கு மேல் இருந்த எந்த நாட்டிலும் அந்தக் காலகட்டத்தில் ஜனநாயகம் கவிழவே இல்லை. அந்த எண், 1975-ல் அர்ஜென்டினாவின் வருமானம். லிப்செட் சொன்ன 'நிலைத்து நிற்பது' என்ற பகுதி சரி, மற்றவர்கள் சேர்த்துக்கொண்ட 'தானாகப் பிறப்பது' என்ற பகுதி தேறவில்லை. 1960-ல் பிறந்த கொரிய ஜனநாயகம் ஓராண்டுகூடத் தாங்காததும் இந்தக் கணக்கில் பொருந்துகிறது. இந்த முடிவை மறுத்து வேறு முறையில் கணக்குப் போட்டவர்களும் உண்டு, சண்டை இன்னும் ஓயவில்லை.

சரி, இந்தியா எந்தக் கணக்கில் வரும்?

எந்தக் கணக்கிலும் சுலபமாக வராது. 1951 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் எழுத்தறிவு சுமார் 18 சதவீதம். பெரும்பாலானோர் ஏழை விவசாயிகள். அந்த நிலையில் சுமார் 17 கோடி வாக்காளர்களோடு முதல் பொதுத்தேர்தல் நடந்தது. கோட்பாட்டின்படி இது சீக்கிரமே முடிந்திருக்க வேண்டும். 21 மாத நெருக்கடி நிலையைத் தவிர, முடியவில்லை. அந்த நெருக்கடி நிலையிலும் ரயில் நேரத்துக்கு வருகிறது, ஆபீஸில் ஒழுங்கு வந்துவிட்டது என்று பேச்சு இருந்தது. 1977-ல் வட இந்தியாவின் ஏழை வாக்காளர்கள் அதை ஏற்கவில்லை. தமிழ்நாடு உட்பட தென் மாநிலங்களில் முடிவு வேறாக இருந்தது என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

இந்தியா ஏன் விதிவிலக்கு என்ற கேள்விக்குக் கிடைத்த சுவாரசியமான பதில்களில் ஒன்று தமிழ்நாட்டிலிருந்து வந்தது. பாரம்பரியம் போனால்தான் நவீனம் வரும் என்று லெர்னரும் ராஸ்டோவும் நினைத்தார்கள். 1967-ல் லாயிட் ருடால்ஃப், சூசன் ருடால்ஃப் தம்பதி, இங்குள்ள வன்னியர், நாடார் சங்கங்களை ஆராய்ந்துவிட்டு அதை மறுத்தார்கள். இரண்டு ஆண்டுகள் கழித்து ராபர்ட் ஹார்ட்கிரேவ் நாடார் சமூகத்தைப் பற்றித் தனிப் புத்தகமே எழுதினார்.

கோயிலுக்குள் நுழையவே அனுமதி மறுக்கப்பட்ட சமூகம். வியாபாரிகள் ஒவ்வொரு வரவிலும் சிறு தொகையை மகமையாக ஒதுக்கினார்கள். வீடுதோறும் பிடி அரிசி சேர்த்துப் பள்ளிக்கூடம் நடத்தினார்கள். 1910-ல் மகாஜன சங்கம், 1921-ல் தூத்துக்குடியில் வங்கி. அதே ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் தங்கள் பெயரையே மாற்றிப் பதிய வைத்தார்கள். 1954-ல் காமராஜர் முதலமைச்சர் ஆனார். சாதி என்ற பழைய அமைப்பு இங்கே மனுப்போடவும், நிதி திரட்டவும், ஓட்டுக் கேட்கவும் பழகிக்கொண்டது. இதே பழக்கம் சாதியைத் தேர்தல் அரசியலில் இன்னும் ஆழமாக ஊன்றிவிட்டது என்பதும் உண்மை. இதை ருடால்ஃப் தம்பதி கொஞ்சம் நம்பிக்கையோடுதான் பார்த்தார்கள்.

பணக்கார நாடுகளுக்கு இனி ஆபத்தே இல்லையா?

6,055 டாலர் கணக்கு, ராணுவம் டாங்கியோடு வந்து ஆட்சியைக் கவிழ்க்கும் காலத்தை வைத்துப் போட்டது. இப்போது ஆபத்து பெரும்பாலும் தேர்தலில் ஜெயித்தவர்களிடமிருந்தே வருகிறது. ஹங்கேரியை இனி முழு ஜனநாயகமாகக் கருத முடியாது என்று 2022-ல் ஐரோப்பிய நாடாளுமன்றம் தீர்மானமே போட்டது.

தென்கொரியாவிலும் அது நடக்கப் பார்த்தது. தனிநபர் வருமானம் 30,000 டாலருக்கு மேல் போய்விட்ட நாட்டில், 2024 டிசம்பர் 3 இரவு அதிபர் யூன் சுக் யோல் டிவியில் தோன்றி ராணுவச் சட்டத்தை அறிவித்தார். ராணுவ வீரர்கள் நாடாளுமன்றத்துக்கு வந்தார்கள். ஊழியர்கள் நாற்காலி, சோபாக்களை அடுக்கிக் கதவை மறித்தார்கள், தீயணைப்பான்களைப் பீய்ச்சினார்கள். வெளியே நள்ளிரவில் பொதுமக்கள் கூடி ராணுவ வண்டிகளை மறித்தார்கள். எம்.பி.க்கள் சிலர் சுவர் ஏறிக் குதித்து உள்ளே போனார்கள். 190 பேர் கூடி, 190-க்கு 0 என்று ராணுவச் சட்டத்தை ரத்து செய்யச் சொல்லி வாக்களித்தார்கள். சுமார் ஆறு மணி நேரத்தில் எல்லாம் முடிந்தது. 2025 ஏப்ரல் 4 அன்று அரசியல் சாசன நீதிமன்றம் யூனைப் பதவியிலிருந்து நீக்கியது.

அன்று சுவர் ஏறிக் குதித்ததை போனில் லைவ் போட்டவர், எதிர்க்கட்சித் தலைவர் லீ ஜே-மியுங். 2025 ஜூன் 3 தேர்தலில் அவர் அதிபரானார். பார்க் சுங்-ஹீயின் வளர்ச்சிக் காலத்தில், பள்ளிக்குப் போக வழியில்லாமல் தொழிற்சாலையில் வேலை பார்த்த சிறுவன் அவர். அப்போது இயந்திரத்தில் சிக்கி நசுங்கிய அவருடைய இடது கை, இன்றும் முழுதாக நேராகாது.